பாடினி என்று பெயர் வைக்கலாமா?

அன்புள்ள ஆசிரியருக்கு,

வணக்கம். எங்களுக்குப் பெண் குழந்தை பிறந்து ஐந்து வாரம் ஆகிறது. பாடினி என்று பெயர் வைக்க நானும் கணவரும் ஆசைப்படுகிறோம். ஆனால் வீட்டில் ஆளுக்கொரு கருத்து. “அது பெயரே இல்லை, தொழில். பரிசு கேட்டு ஊர் ஊராகப் போன பாணர் வீட்டுப் பெண்ணைக் குறிக்கும் சொல்” என்கிறார் மாமனார். பாணினி என்பதன் பெண்பால்தான் இது என்கிறார் நாத்தனார். இணையத்தில் தேடினால் “பாடினி – சரஸ்வதியின் பெயர், வடமொழி” என்று போட்டிருக்கிறது. உடன் வேலை செய்யும் ஒருவர், பத்மினி, மாலினி போல ‘இனி’ என்று முடிவதால் இது தமிழாக இருக்க முடியாது என்றார். இதற்கிடையில் என் பெரியம்மா, ஆங்கில எழுத்தில் கடைசியில் ஓர் ‘எச்’ சேர்த்தால் எண் நன்றாக வருகிறது என்கிறார்.

இது தமிழ்ப் பெயர்தானா? உண்மையான பொருள் என்ன? பள்ளிக்குப் போனால் அவளுக்கு ஏதாவது தொந்தரவு வருமா? ஆங்கிலத்தில் எப்படி எழுதுவது?

அன்புடன்,
ஒரு வாசகி

*

அன்புள்ள வாசகிக்கு,

தமிழ்ச் சொல்தான், அதுவும் மிகப் பழைய சொல். பெயராக வைப்பதுதான் புதிது. உங்கள் வீட்டில் எழுந்த குழப்பத்தில் பாதி, இந்த இரண்டையும் ஒன்றாகப் பார்ப்பதால் வந்தது.

சங்க நூல்களில் பாடினி ஒரு பொதுச்சொல். பாணர் கூட்டத்தில் பாடும் பெண்ணைக் குறிக்கும். குறிப்பிட்ட ஒருத்தியின் இயற்பெயராக அது வரவில்லை. அந்த அளவில் உங்கள் மாமனார் சொல்வது சரி. ஆனால் தொழிற்பெயர் ஆட்பெயராகக் கூடாது என்று விதி எதுவும் கிடையாது. சங்கப் புலவர்களிலேயே கணியன் பூங்குன்றனார், மதுரைக் கணக்காயனார் என்று தொழிலால் அறியப்பட்டவர்கள் உண்டு. பாடினி என்பதையே பட்டமாகப் பெற்ற புலவரும் உண்டு. அவரைப் பற்றிப் பின்னால் சொல்கிறேன்.

முதலில் சொல்லின் அமைப்பு. பாடு என்ற வினைப்பகுதி, நடுவில் இன், கடைசியில் இ என்ற பெண்பால் விகுதி. நடுவிலுள்ள ‘இன்’னைச் சொல்லை இணைக்க மட்டும் வரும் சாரியையாகக் கொண்டால் ‘பாடுபவள்’ என்று பொருள். பாடினாள் என்பதில் உள்ளதுபோல இறந்தகால இடைநிலையாகக் கொண்டால் ‘பாடியவள்’. தொழிலைக் குறிக்கும் இடங்களில் முதல் பொருளும், காக்கையைப் பாடியவள் என்பது போன்ற பட்டங்களில் இரண்டாம் பொருளும் நன்றாகப் பொருந்துகின்றன.

பத்மினி, மாலினி போன்றவை வேறு வழியில் உருவானவை. அங்கே அடியில் இருப்பது பெயர்ச்சொல். மாலை உடையவள் மாலினி; ‘உடைய’ என்று பொருள்தரும் வடமொழி விகுதியும் அதன் பெண்பால் ஈறும் சேர்ந்து அப்படி முடிகின்றன. பாடினியில் அடியில் இருப்பது தமிழ் வினை. இளவெயினி என்ற பழந்தமிழ்ப் பெயரும் ‘இனி’ என்றுதான் முடிகிறது. ஆனால் அது எயினன் என்பதன் பெண்பாலான எயினி. ஈறு ஒன்றாக ஒலித்தாலும் மூன்றும் மூன்று விதமாகப் பிறந்தவை. ஆகவே ‘இனி’யைக் கேட்டதும் வடமொழி என்று முடிவுகட்டக் கூடாது, அதற்கு முன்னால் இருப்பது என்ன என்று பார்க்க வேண்டும். அண்மைக் காலத்தில் பரவிய யாழினி, மகிழினி போன்றவற்றையும் இப்படித் தனித்தனியாகத்தான் ஆராய வேண்டும். யாழ் பெயர்ச்சொல், மகிழ் வினை என்பதால் இரண்டுக்கும் ஒரே விளக்கம் பொருந்தாது.

பாணினிக்கும் இதற்கும் தொடர்பே இல்லை. அவர் அட்டாத்தியாயி என்ற வடமொழி இலக்கணத்தைச் செய்த ஆண். பாணினர் என்ற முன்னோரின் வழிவந்தவர் என்பதைக் காட்டும் குலவழிப் பெயர் அது. ணகரத்துக்கும் டகரத்துக்கும் உள்ள வேறுபாட்டைக் காதில் வாங்காததால் வந்த மயக்கம்தான் இது.

சரஸ்வதியின் பெயர் என்பதற்குப் பழைய நூல்களில் ஆதாரம் கிடையாது. பாடும் பெண்ணுக்கு மதங்கி என்ற சொல்லும் தமிழில் உண்டு. மாதங்கி என்ற கலைத் தெய்வத்தின் பெயரோடு அது கலந்து, பாடினி வரைக்கும் வந்திருக்கலாம். பெயர்ப் பட்டியல் தளங்களில் ஒன்று எழுதியதைப் பத்து தளங்கள் படியெடுக்கின்றன. பத்து இடத்தில் இருப்பதாலேயே ஒரு பொருள் உறுதியாகிவிடாது. எந்தப் பெயரானாலும் எந்த நூலில், எந்தப் பாட்டில் வருகிறது என்று கேளுங்கள். பதில் இல்லையென்றால் அந்தப் பொருளை ஒதுக்கிவிடுங்கள்.

பாடினிக்கு அந்தக் கேள்விக்கு நல்ல பதில்கள் இருக்கின்றன. புறநானூறு 11-ஆம் பாட்டு, பேய்மகள் இளவெயினி சேரமான் பாலை பாடிய பெருங்கடுங்கோவைப் பாடியது. அதன் கடைசிப் பகுதி:

“மறம் பாடிய பாடினியும்மே
ஏருடைய விழுக்கழஞ்சிற்
சீருடைய இழைபெற்றிசினே”

அரசனின் வீரத்தைப் பாடிய பாடினி, பல கழஞ்சு (பழைய எடை அளவு) பொன்னால் செய்த சிறந்த அணியைப் பெற்றாள். அடுத்து வருவதைக் கவனியுங்கள். “இழைபெற்ற பாடினிக்குக் குரல்புணர்சீர்க் கொளைவல் பாண்மகனும்மே” வெள்ளி நாரில் தொடுத்த பொற்றாமரையைப் பெற்றான் என்று பாட்டு போகிறது. பாணன் யார் என்றால், பாடினியின் குரலுக்கு இயைந்த தாளத்தில் பாட வல்லவன். அவளை முன்வைத்துத்தான் அவனை அறிமுகப்படுத்துகிறார் புலவர். பரிசிலும் அவளுக்கே முதலில் சொல்லப்படுகிறது. இந்தப் பாட்டின் துறை பரிசில் கடாநிலை, அதாவது புலவர் பரிசு கேட்டு நிற்கும் நிலை. அவர்கள் இருவரும் பெற்றார்கள், நான் இன்னும் பெறவில்லை என்பது புலவர் உணர்த்தும் குறிப்பு. ஆக, பாடிப் பரிசு கேட்பதைப் புலவரே தமக்கு இழிவாக எண்ணவில்லை. மாமனாருக்கு இந்த ஒரு பாட்டைப் படித்துக் காட்டுங்கள்.

பொருநராற்றுப்படை பாடினியை இன்னும் நெருங்கிப் பார்க்கிறது. முடத்தாமக்கண்ணியார் கரிகாலன் மேல் பாடிய நூல் அது. 25-ஆம் அடியிலிருந்து 47-ஆம் அடிவரை அவள் உருவம்தான். அறல் (ஆற்று மணலின் வரி) போன்ற கூந்தல், பிறை போன்ற நெற்றி என்று தலையில் தொடங்கி அடிவரை இறங்குகிறது. இந்த அளவுக்கு வழக்கமான வருணனையாகத் தோன்றலாம். ஆனால் பாதத்துக்கு வந்ததும் மாறிவிடுகிறது. ஓடிக் களைத்த நாயின் நாக்குப் போன்ற சிறிய பாதம். அரக்கை உருக்கியது போன்ற செந்நிலத்தில் நடந்ததால் பரற்கற்கள் உறுத்தி, மரல் என்ற செடி பழுத்ததுபோல நீர் ததும்பும் கொப்புளங்கள். அந்தக் கொப்புளங்களால் நண்பகலில் நடையைத் தவிர்க்கிறாளாம். அதன் பிறகுதான் “பெடைமயில் உருவின் பெருந்தகு பாடினி” என்று முடிக்கிறார். பெருந்தகு என்றால் பெருமை தகுந்தவள். அழகையும் கால் கொப்புளத்தையும் பெருமையையும் ஒரே மூச்சில் சொல்லும் இந்த அடிகளை விட்டுவிட்டு, ‘இசைத் தேவதை’ என்று மட்டும் பொருள் எழுதுவது அந்தச் சொல்லுக்குச் செய்யும் குறைதான். உங்கள் மகளுக்குப் பின்னாளில் பெயர்க்காரணம் சொல்லும்போது இந்தப் பகுதியையே சொல்லுங்கள்.

இப்போது காக்கைபாடினியார். அவருடைய இயற்பெயர் நச்செள்ளை. குறுந்தொகை 210-இல், விருந்து வரக் கரைந்த காக்கைக்கு எவ்வளவு பலிச்சோறு இட்டாலும் தகும் என்று தோழி சொல்வதாகப் பாடினார். நள்ளி என்ற வள்ளலின் காட்டில் ஆயர்களின் பசுக்கள் தந்த நெய்யையும் தொண்டி என்ற ஊரில் விளைந்த நெல்லின் சோற்றையும் ஏழு கலத்தில் ஏந்தினாலும் அந்தக் காக்கைக்குச் சிறிதுதான் என்கிறாள் தோழி. அந்தப் பாட்டால் வந்த பட்டம் காக்கைபாடினி. பதிற்றுப்பத்தில் ஆறாம் பத்து முழுவதும் அவர் ஆடுகோட்பாட்டுச் சேரலாதன் என்ற சேர மன்னனைப் பாடியது. அதற்கு அணிகலனுக்காக ஒன்பது கா (ஓர் எடை அளவு) பொன்னும் நூறாயிரம் காணமும் (பொற்காசும்) பெற்றார் என்று அதன் பதிகம் கூறுகிறது. யாப்பிலக்கணம் செய்த காக்கைபாடினியார் என்றொருவரும் உண்டு. இருவரையும் ஒருவராக்கி எழுதுகிறார்கள், நீங்கள் சேர்த்துவிடாதீர்கள்.

இதே கூட்டத்துப் பெண்களுக்கு வேறு பெயர்களும் இருந்தன. மதுரைக்காஞ்சியில் “பாணர் வருக பாட்டியர் வருக” என்று ஓர் அடி வருகிறது. அங்கே பாட்டி என்றால் முதியவள் இல்லை, பாடுபவள். அந்தச் சொல் வேறு பொருளுக்குப் போய்விட்டது. விறலி, விறல் அதாவது மெய்ப்பாடு தோன்ற ஆடுபவள். அழகான சொல்தான், ஆனால் பிற்காலத்து விறலிவிடு தூது நூல்கள் சிற்றின்பத்தைக் கொட்டி அதன் மேல் வேறு சாயல் ஏற்றிவிட்டன. பெயராக வைக்க நான் பரிந்துரைக்க மாட்டேன். பாடினிக்கு அப்படிச் சுமை எதுவும் ஏறவில்லை.

மாமனாரின் தயக்கத்துக்குப் பின்னால் குலம் பற்றிய எண்ணமும் இருப்பதாகத் தெரிகிறது. புறநானூறு 335 “துடியன் பாணன் பறையன் கடம்பன் என்று இந்நான்கு அல்லது குடியும் இல்லை” என்கிறது. பின்னாளில் பாணர்கள் தாழ்த்தப்பட்டது உண்மைதான். அந்தக் காலத்தைப் பற்றியும் பெரியபுராணம் ஒன்று சொல்கிறது. சாத்தமங்கை என்ற ஊரில் திருநீலநக்கர் என்ற அந்தணர் தம் வீட்டில் திருநீலகண்ட யாழ்ப்பாணருக்கும் அவருடைய மனைவி மதங்கசூளாமணியாருக்கும் வேள்வித் தீ வளர்க்கும் வேதிகையின் பக்கத்திலேயே தங்க இடம் கொடுத்தார். தீ நல்ல அறிகுறியாக வலமாகச் சுழித்து மேலெழுந்தது. தயக்கத்துக்கு அந்நூலைப் பாடிய சேக்கிழார் தரும் பதில் இது. இதற்கு மேல் நான் சேர்க்க ஒன்றுமில்லை.

இனி நடைமுறை. மறைக்காமல் சொல்ல வேண்டிய சங்கடம் ஒன்று உண்டு. பள்ளியில் பெயரைச் சுருக்குவார்கள். பாடினியைச் சுருக்கினால் ‘பாடி’. ஆங்கிலச் சொல்லாக அதற்குப் பிணம் என்றும், தமிழ்ப் பேச்சில் உள்ளாடை என்றும் பொருள் இருப்பது பத்து வயதுப் பிள்ளைகளுக்கு நன்றாகத் தெரியும். இதைத் தடுக்க ஒரே வழி, வேறொரு செல்லப் பெயரை முதலிலேயே பழக்கிவிடுவது. ‘இனி’ என்று கூப்பிடலாம். வீட்டில் ஒருவரும் ‘பாடி’ என்று அழைக்காதீர்கள். வீட்டில் புழங்கும் சுருக்கம்தான் பள்ளி வாசல்வரை போகும்.

முன்னெழுத்தையும் சேர்த்து வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். ‘ஏ. பாடினி’ என்றால் யாரையோ அதட்டுவது போலிருக்கும். ‘நீ. பாடினி’ என்றால் கேள்வியாகிவிடும். உங்கள் முன்னெழுத்து அப்படி அமைந்தால், தாயின் முன்னெழுத்தையும் சேர்ப்பது நல்ல தீர்வு.

ஆங்கில எழுத்தில் பி, ஏ, ஏ, டி, ஐ, என், ஐ என்று எழுதுங்கள். ஒரே ‘ஏ’ போட்டால் ‘படினி’ என்றோ ‘பதினி’ என்றோ படிப்பார்கள். ஆங்கிலம் மட்டும் பேசுபவர் ‘பேடினி’ என்பார். இரண்டு ‘ஏ’ இருந்தால் நெடில் என்பதாவது தெரியும். தமிழ் தெரியாதவர்கள் ‘டி’யைத் தகரமாக ஒலிப்பதை எழுத்தால் தடுக்க முடியாது, ஒருமுறை சொல்லித் திருத்த வேண்டியதுதான். நாகரி எழுத்தில் எழுத நேர்ந்தால் ‘டமரு’ என்பதில் வரும் டகரத்தைப் போடச் சொல்லுங்கள், தகரத்தை அல்ல.

‘எச்’ வேண்டாம். அந்தக் கணக்கு ரோமன் எழுத்துகளுக்கு மதிப்பிட்டுக் கூட்டுவது. தமிழில் நீங்கள் வைக்கும் பெயரை அது தொடுவதே இல்லை. கடைசியில் ‘எச்’ வந்தால் பாடினி ‘பாடினிஹ்’ ஆகும். ஓர் ஆவணத்தில் ‘எச்’ இருந்து இன்னொன்றில் விடுபட்டால் கடவுச்சீட்டு, தேர்வு, பயணச்சீட்டு என்று ஒவ்வோரிடத்திலும் விளக்கம் கேட்பார்கள்.

பெயரைப் பதிய அவசரப்பட வேண்டாம். 1969-ஆம் ஆண்டுப் பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டப்படி, பிறப்பைத்தான் 21 நாளுக்குள் பதிய வேண்டும். மருத்துவமனையில் பிறந்திருந்தால் அந்தத் தகவலை அவர்களே அனுப்புவார்கள். பிறப்பைப் பதிவு செய்த நாளிலிருந்து 12 மாதத்துக்குள் பெயரைக் கட்டணமின்றிச் சேர்க்கலாம். அதன் பிறகு தாமதக் கட்டணத்தோடு 15 ஆண்டுவரை சேர்க்க முடியும். ஆனால் ஒருமுறை பெயர் ஏறிவிட்டால் மாற்றுவது எளிதன்று. சட்டத் திருத்தம் நடைமுறைக்கு வந்த 1 அக்டோபர் 2023 முதல் பிறந்தவர்களுக்குப் பள்ளிச் சேர்க்கை, ஓட்டுநர் உரிமம், வாக்காளர் பட்டியல் எல்லாவற்றுக்கும் பிறப்புச் சான்றிதழே பிறந்த தேதிக்கும் இடத்துக்கும் அடிப்படை. அதில் உள்ள எழுத்துதான் பின்னால் எங்கும் போகும்.

வீட்டில் பேசி முடித்து, தமிழிலும் ஆங்கிலத்திலும் பெயரைத் தெளிவாக ஒரு தாளில் எழுதிக்கொண்டு பதிவாளரிடம் போங்கள். தட்டச்சு செய்பவரிடம் வாயால் மட்டும் சொன்னால் பாதினி, பாட்டினி, பத்மினி என்று அவர் காதில் விழுந்ததெல்லாம் ஏறும். கையெழுத்துப் போடுவதற்கு முன் திரையிலோ அச்சிலோ இரண்டு வரியையும் எழுத்தெழுத்தாகச் சரிபாருங்கள். தமிழ் வரியில் ‘டி’ குறில் என்பதையும், ‘னி’யில் இருப்பது றன்னகரம் என்பதையும் குறிப்பாகப் பாருங்கள்.