வீடு, தெரு, உடல்நலம்: வாசகர் கேள்விகளும் பதில்களும்

கேள்வி: ஏசி பொருத்தியபின் படுக்கையறையின் ஒரே சன்னலையும் பலகையால் அடைத்துவிட்டோம். மாமனாருக்குக் காசநோய் உறுதியாகியிருக்கிறது. அவர் அதே அறையில் இருக்கலாமா? – வாசகி, வியாசர்பாடி

பதில்: பலகையை இன்றே எடுத்துவிடுங்கள். ஸ்பிளிட் ஏசி அறைக்குள் இருக்கும் காற்றையே குளிர்வித்துச் சுற்றவிடுகிறதே தவிர, வெளிக்காற்றைக் கொண்டுவருவதில்லை. சன்னல் திறப்பு தரைப்பரப்புக்குத் தக்க அளவில் இருக்க வேண்டும். அறையின் நீள அகலத்தை நீங்கள் எழுதாததால் இதற்குமேல் சொல்ல இயலவில்லை. அளந்து எழுதுங்கள் என்று எத்தனை முறை கேட்பது? வீட்டிலுள்ள அனைவரும் பரிசோதனை செய்துகொள்ளுங்கள்.

கேள்வி: மொட்டைமாடிக்கு வெள்ளைப் பூச்சு அடித்தால் வீட்டில் வெப்பம் குறையுமா? – வாசகர், மதுரை

பதில்: மேல்தளத்தில் சில டிகிரி குறையும், தூசி படிந்தால் பயன் போய்விடும் என்பதால் கழுவிவர வேண்டும்.

கேள்வி: அம்மாவுக்குச் சர்க்கரை நோய். நடக்கச் சொன்னால் சோம்பலால் மறுக்கிறார். – வாசகர், குரோம்பேட்டை

பதில்: சோம்பல் என்று எப்படி முடிவுகட்டினீர்கள்? தெருவில் நடைபாதை உண்டா என்று ஒரு வரிகூட நீங்கள் எழுதவில்லை. வாரத்துக்கு 150 நிமிடம் நடக்கும்படி நாங்கள் எளிதாக எழுதித் தந்துவிடுகிறோம். எங்கே நடப்பது என்பதை யாரும் எழுதித் தருவதில்லை. சாலைகளுக்கான தரங்களை வகுக்கும் பொறியாளர் அமைப்பான இந்திய சாலைக் காங்கிரஸின் நெறிமுறைப்படி நடைபாதையில் 1.8 மீட்டர் அகலம் தடையின்றி இருக்க வேண்டும், உயரம் 15 செ.மீ.க்கு மிகக் கூடாது. நம் தெருக்களிலோ அது முழங்கால் உயரத்துக்கு எழுந்து, வாசலுக்கு வாசல் கார் ஏறுவதற்காகச் சரிந்து, நடுவில் மின்பெட்டியும் நிற்க, சர்க்கரை நோயால் பாதம் மரத்துப்போன நோயாளி அதில் எப்படி ஏறி இறங்குவார்? பழைய தாரைச் சுரண்டாமல் மேன்மேலும் புதிய தாரைப் போடுவதால் சாலை உயர்கிறது, அதை மிஞ்ச நடைபாதையும் உயர்கிறது, வீடுகள் பள்ளத்தில் விழுந்து மழைநீரை வாங்கிக்கொள்கின்றன. சுரண்டிய பிறகே போட வேண்டும் என்று 2021-இல் தலைமைச் செயலரே அறிவுறுத்தினார். நடப்போருக்கும் மிதிவண்டிக்கும் முன்னுரிமை தரும் கொள்கையைச் சென்னை மாநகராட்சி 2014-இலேயே ஏற்றது. பாண்டி பஜாரில் அகலமான நடைபாதை வந்தபின் முதியவர்கள் அச்சமின்றி நடப்பதை நானே கண்டிருக்கிறேன். எனவே அம்மாவைக் கடிந்துகொள்ளாமல், அளவுநாடாவுடன் தெருவை அளந்து, படத்துடன் வார்டு உறுப்பினரிடம் மனுக் கொடுங்கள். அதுவரை அவர் மொட்டைமாடியில் நடக்கட்டும், வெறுங்காலுடன் வேண்டாம்.

கேள்வி: புகை அடித்தும் டெங்கு கொசு போகவில்லையே? – வாசகி, திருச்சி

பதில்: புகை பறக்கும் கொசுவைத்தான் கொல்லும். தொட்டியின் உட்சுவரில் ஒட்டிய முட்டை, நீர் வற்றினாலும் மாதக்கணக்கில் உயிருடன் இருக்கும். வாரம் ஒருமுறை தேய்த்துக் கழுவி, மேல்நிலைத் தொட்டியை இடைவெளியில்லாமல் மூடுங்கள். குளிர்சாதனப் பெட்டியின் பின்னால் நீர் தேங்கும் தட்டையும் பாருங்கள்.