அமுக்குவது இப்போது, குதிப்பது எப்போது?

கேள்வி: ஐயா, எங்கள் வீட்டில் இரண்டு ஆண்டுகளுக்கு முன் வாங்கிய 43 அங்குல டிவி இருக்கிறது. அதில் ஒரு டிவி ஸ்டிக் செருகியிருக்கிறோம். பிளஸ் டூ பரீட்சை முடித்த என் மகன் புளூடூத் கன்ட்ரோலர் வாங்கி, கிளவுட் கேமிங் (விளையாட்டு எங்கோ தூரத்துக் கணினியில் ஓட, படம் மட்டும் இன்டர்நெட்டில் வருமாம்) சந்தாவும் கட்டி விளையாடுகிறான். "பொத்தானை அமுக்கிக் கொஞ்ச நேரம் கழித்துத்தான் கார் திரும்புகிறது" என்று தினமும் புலம்புகிறான். இன்டர்நெட் இணைப்புக் கொடுத்தவரைக் கேட்டால், 100 எம்பிபிஎஸ் போதாது, 300க்கு மாறுங்கள் என்கிறார். கடைக்காரர் 4கே ஸ்டிக் வாங்கச் சொல்கிறார். என் தம்பியோ டிவியையே மாற்று என்கிறான். யார் பேச்சைக் கேட்பது?
– வாசகி, கொசப்பேட்டை, வேலூர்

பதில்: மூவரில் இருவர் விற்கிறவர்கள். மூன்றாமவர் உங்கள் பணத்தில் யோசனை சொல்கிறவர். இப்போதைக்கு மூவரையும் ஓரமாக உட்காரவைத்துவிட்டு, மகனின் கைபேசியை வாங்குங்கள்.

கேமராவில் ஸ்லோ மோஷன் இருக்கும். பல கைபேசிகளில் அது விநாடிக்கு 240 ஃப்ரேம், அதாவது 240 தனித்தனிப் படம் எடுக்கும். அதாவது ஒரு ஃப்ரேமுக்கு 4 மில்லி விநாடிக்குச் சற்று மேல். மகனின் கட்டைவிரலும் டிவி திரையும் ஒரே படத்தில் தெரியும்படி கைபேசியை நிறுத்தி, அவனைப் பொத்தானை அமுக்கச் சொல்லுங்கள். பிறகு அந்த வீடியோவை ஒவ்வொரு ஃப்ரேமாக நகர்த்தி, விரல் அமுங்கியதற்கும் திரை அசைந்ததற்கும் இடையே எத்தனை ஃப்ரேம் ஓடியது என்று எண்ணுங்கள். 24 ஃப்ரேம் என்றால் 100 மில்லி விநாடி, அதாவது விநாடியில் பத்தில் ஒரு பங்கு. ஐந்து முறை எடுத்துச் சராசரி பாருங்கள்.

இதே சோதனையை விளையாட்டில் ஒரு முறையும், ஸ்டிக்கின் முகப்புத் திரையில் ஒரு முறையும் செய்ய வேண்டும். அங்கே ஒரு கட்டத்திலிருந்து அடுத்த கட்டத்துக்கு நகர்வதை எண்ணினால் போதும். முகப்பிலேயே தாமதம் அதிகமாக இருந்தால் குற்றவாளி டிவி, ஸ்டிக், கன்ட்ரோலர் ஆகிய மூன்றில் ஒன்று. இன்டர்நெட்டைத் திட்டிப் பயனில்லை. முகப்பு சுறுசுறுப்பாக இருந்து விளையாட்டு மட்டும் இழுத்தால், வைஃபையையும் அதற்கு அப்பால் இருப்பதையும் பார்க்க வேண்டும்.

சென்ற மாதம் சத்துவாச்சாரியில் என் அக்கா வீட்டில் இதைச் செய்தேன். அக்கா பேரன் அமுக்க, நான் தரையில் உட்கார்ந்து படம் பிடித்தேன். முதல் கணக்கு 52 ஃப்ரேம், ஏறத்தாழ 217 மில்லி விநாடி. பையன் பொய் சொல்லவில்லை. டிவியின் பட அமைப்புக்குள் போய் 'கேம் மோடு' போட்டேன். 33 ஃப்ரேமுக்கு இறங்கியது. ஸ்டிக்கை 5 கிகாஹெர்ட்ஸ் வைஃபைக்கு மாற்றினேன், 26. செலவு ஒரு ரூபாய்கூட இல்லை, அக்கா கொடுத்த காபியைக் கணக்கில் சேர்க்காவிட்டால்.

கேம் மோடு ஏன் இவ்வளவு குறைக்கிறது? டிவி, வந்த படத்தை வந்தபடி காட்டுவதில்லை. புள்ளிகளை நீக்கும், ஓரங்களைக் கூராக்கும், இரண்டு ஃப்ரேமுக்கு நடுவே இல்லாத ஒரு ஃப்ரேமைத் தானே வரைந்து சொருகும். நடுவில் ஒன்றை வரைய அடுத்த ஃப்ரேம் வந்து சேரும்வரை காத்திருக்க வேண்டும் அல்லவா? சீரியல் பார்ப்பவருக்கு இந்தக் காத்திருப்பு தெரியாது, அவர் எதையும் அமுக்குவதில்லை. விளையாடுகிறவருக்கு உடனே தெரியும். 60 ஹெர்ட்ஸில், அதாவது விநாடிக்கு 60 ஃப்ரேம் காட்டும் திரையில், ஒரு ஃப்ரேம் தாமதம் என்பது 16.7 மில்லி விநாடி. நான்கைந்து ஃப்ரேம் தேங்கினால் கார் பள்ளத்தில்தான்.

இதில் இரண்டு சிக்கல்கள் உண்டு. பல டிவிகளில் பட அமைப்பு ஒவ்வொரு எச்டிஎம்ஐ துளைக்கும் தனித்தனி. முதல் துளையில் கேம் மோடு போட்டுவிட்டு ஸ்டிக்கை இரண்டாவதில் செருகியிருந்தால் பலன் பூஜ்யம். டிவிக்குள்ளேயே இருக்கும் செயலியில் விளையாடினால் சில மாடல்களில் கேம் மோடு வேலையே செய்யாது; அது எச்டிஎம்ஐ வழியாக வருவதற்கு மட்டும். 'ஏஎல்எல்எம்' என்ற வசதி டிவியிலும் ஸ்டிக்கிலும் இருந்தால், விளையாட்டுத் தொடங்கியதும் டிவி தானாகவே மாறிக்கொள்ளும்.

ராஜா இல்லாத கோட்டை, தண்ணீர் இல்லாத ஆறு என்று நம் ஊரைக் கேலி செய்வார்கள். விலை மலிந்த சில டிவிகளின் கேம் மோடும் அந்த வரிசையில் சேரும்: பெயர் இருக்கும், நிறத்தைப் பளிச்சென்று ஏற்றிக் காட்டும், தாமதத்தைத் தொடாது. அதனால்தான் எண்ணிப் பார்க்கச் சொல்கிறேன். கேம் மோடு போட்டும் முகப்புத் திரைக் கணக்கு அசையவில்லை என்றால் 'மோஷன்' என்று தொடங்கும் அமைப்புகளையும், இரைச்சல் நீக்கத்தையும், தானியங்கி வெளிச்சத்தையும் ஒவ்வொன்றாக நிறுத்தி மறுபடி எண்ணுங்கள். எல்லாம் செய்தும் பலனில்லை என்றால்தான் உங்கள் தம்பி சொன்னது சரி.

இனி 300 எம்பிபிஎஸ். எம்பிபிஎஸ் என்பது குழாயின் அகலம். தண்ணீர் மேட்டூரிலிருந்து வர எத்தனை நேரம் என்பதை அகலம் தீர்மானிக்காது. உதாரணத்துக்கு, ஜீஃபோர்ஸ் நவ் என்ற கிளவுட் கேமிங் சேவை 1080பி தரத்தில் விநாடிக்கு 60 ஃப்ரேமுக்குக் கேட்பது 25 எம்பிபிஎஸ்தான். கூடவே பிங், அதாவது தகவல் அவர்கள் கணினிக்குப் போய்த் திரும்பும் நேரம், 80 மில்லி விநாடிக்குள் இருக்க வேண்டும் என்றும் சொல்கிறது. உங்களிடம் நான்கு மடங்கு அகலம் ஏற்கெனவே இருக்கிறது. வீட்டில் நான்கு பேர் ஒரே நேரத்தில் 4கே படம் பார்த்தாலொழிய 300ஆல் பயன் இல்லை.

நேரத்தைத் தீர்மானிப்பது தூரம். கண்ணாடி இழையில் ஒளி விநாடிக்குச் சுமார் 2 லட்சம் கிலோமீட்டர் ஓடும். விளையாட்டு ஓடும் சர்வர் சென்னையில் இருந்தால் போய்வர இரண்டு மில்லி விநாடிகூட ஆகாது. மும்பை என்றால் சுமார் 10. சிங்கப்பூர் என்றால் 30. இது ஒளியின் கணக்கு மட்டும்; வழியிலுள்ள கருவிகள் இதன்மேல் ஏற்றுவது தனி. ஆகவே சந்தா கட்டிய சேவையின் அமைப்பில் சர்வர் இடத்தைத் தேர்ந்தெடுக்க வழி இருக்கிறதா என்று மகனைப் பார்க்கச் சொல்லுங்கள். தூரத்துச் சர்வர் தேர்வாகியிருந்தால், எந்த பிளானும் அதைப் பக்கத்தில் இழுத்துவராது.

உங்கள் கடிதத்தில் நான் அதிகம் சந்தேகப்படுவது கொசப்பேட்டையைத்தான். பழைய வீடு என்றால் சுவர் கனம். ரௌட்டர் வாசல் பக்கம், டிவி உள் அறையில், ஸ்டிக் டிவியின் முதுகுக்குப் பின்னால் மறைந்திருக்கும். அப்படி இருந்தால் 5 கிகாஹெர்ட்ஸ் அலை இரண்டாவது சுவரிலேயே களைத்துவிடும். 2.4 கிகாஹெர்ட்ஸ் சுவரைத் தாண்டும், ஆனால் அண்டை வீட்டு வைஃபைகள், மைக்ரோவேவ் அடுப்பு, போதாக்குறைக்கு உங்கள் மகனின் புளூடூத் கன்ட்ரோலர் எல்லாமே அதே அலைவரிசையில் நெருக்குகின்றன. சராசரி பிங் நன்றாகவே தெரியும். ஆனால் நடுநடுவே 15, 15, 90, 15 என்று குதிக்கும். விளையாடுபவரைப் படுத்துவது அந்த 90தான். ரௌட்டரை டிவி அறைக்குக் கொண்டுவர முடிந்தால் கொண்டுவாருங்கள். முடியாவிட்டால் கேபிள் இழுத்து, ஸ்டிக்குக்கு ஏற்ற ஈதர்நெட் அடாப்டர் போடுங்கள். 100 எம்பிபிஎஸ் அடாப்டர் போதும். நான் உங்களைச் செலவழிக்கச் சொல்லும் முதல் பொருள் இதுதான்.

ஸ்டிக்குக்கான மின்சாரத்தை எங்கிருந்து எடுக்கிறீர்கள்? டிவியின் யுஎஸ்பி துளையிலிருந்து என்றால் இன்றே மாற்றுங்கள். சாதாரண யுஎஸ்பி 2.0 துளை தருவது 500 மில்லி ஆம்பியர். அது போதாமல் பல ஸ்டிக்குகள் தடுமாறும். பெட்டியோடு வந்த அடாப்டரைச் சுவரில் செருகுங்கள். அது தொலைந்திருந்தால் புதிதாக வாங்கும் அடாப்டரில் பிஐஎஸ் (இந்தியத் தர நிர்ணய அமைவனம்) பதிவு எண் 'ஆர்' என்று தொடங்கி இருக்கிறதா என்று பாருங்கள். 'பிஐஎஸ் கேர்' செயலியில் அதைச் சரிபார்க்கலாம். கத்திரி வெயிலில் நம் ஊர் அறைக்குள், டிவியின் சூட்டோடு ஒட்டிக்கொண்டிருக்கும் ஸ்டிக் தன்னைக் காத்துக்கொள்ள வேகத்தைக் குறைத்துக்கொள்ளும். பெட்டிக்குள் விரல் நீளத்துக்கு ஓர் எச்டிஎம்ஐ நீட்டிப்புக் கேபிள் கிடந்திருந்தால் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். அதைப் போட்டு ஸ்டிக்கை வெளியே தொங்கவிட்டால் சூடும் குறையும், வைஃபையும் நன்றாகக் கிடைக்கும்.

4கே ஸ்டிக் கெட்ட யோசனை அல்ல, அவசரமான யோசனை. புதியதில் வேகமான சிப்பும் வைஃபையும் இருப்பதால் சில மில்லி விநாடி குறையலாம். ஆனால் எச்டிஎம்ஐ 1.4 துளை உள்ள டிவியில் 4கே படத்தை அனுப்பினால் விநாடிக்கு 30 ஃப்ரேம்தான் போகும், தாமதம் கூடும். இப்போதைய ஸ்டிக்கையே 1080பி, 60 ஹெர்ட்ஸ் என்று அமைத்துவிடுங்கள். 'ஆட்டோ' சில வேளை 50இல் போய் உட்கார்ந்துகொள்ளும். இன்னொன்று: 'டெவலப்பர் ஆப்ஷனில் அனிமேஷனை நிறுத்தினால் லேக் போய்விடும்' என்று மகன் வீடியோவில் பார்த்திருப்பான். மெனு துள்ளும், விளையாட்டுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை.

கேள்வி: என் கணினியில் இருக்கும் விளையாட்டை ஹாலில் உள்ள டிவியில் விளையாட ஸ்டிக்கில் ஸ்டீம் லிங்க் செயலி போட்டேன். சர்வர் பக்கத்து அறையில்தானே இருக்கிறது, ஆனாலும் படம் திக்குகிறது. பிறகு ஹெட்போனை புளூடூத்தில் இணைத்தேன். துப்பாக்கி சுட்டபின் சத்தம் வருகிறது.
– வாசகர், குடியாத்தம்

பதில்: கணினியும் வைஃபை, ஸ்டிக்கும் வைஃபை என்றால் ஒவ்வொரு ஃப்ரேமும் ஒரே காற்றில் இரண்டு முறை பயணம் செய்கிறது. கணினியை மட்டுமாவது ரௌட்டரோடு கேபிளில் கட்டுங்கள், பாதி நோய் தீரும்.

ஹெட்போன் கதை வேறு. சாதாரண புளூடூத் ஒலி விநாடியில் ஐந்தில் ஒரு பங்கு பிந்தி வருவது சகஜம். படம் பார்க்கும்போது தெரியாததற்குக் காரணம், செயலி காட்சியையும் அதே அளவு தாமதித்துச் சரிசெய்துவிடுகிறது. விளையாட்டில் நீங்கள் எப்போது சுடுவீர்கள் என்று அதற்கு முன்கூட்டியே தெரியாதே! கம்பியுள்ள ஹெட்போன், இல்லாவிட்டால் டிவி ஸ்பீக்கர். தங்கை படிக்கிறாள் என்றால், கம்பி.

கேள்வி: தங்க முலாம் பூசிய எச்டிஎம்ஐ கேபிள் போட்டால் தாமதம் குறையுமா?
– வாசகர், ஆற்காடு

பதில்: குறையாது. உங்கள் ஊரிலேயே அந்தப் பணத்துக்கு மக்கன் பேடா கிடைக்கும்.

கேள்வி: ஒரு கடையில் '120 ஹெர்ட்ஸ் கேமிங் டிவி' என்று பலகை வைத்திருந்தார்கள். நம்பி வாங்கினேன். வீட்டுக்கு வந்து கையேட்டைப் பார்த்தால் திரை 60 ஹெர்ட்ஸ்தான். 120 என்பது 'மோஷன்' எண்ணாம். பத்து நாள்தான் ஆகிறது. திருப்பிக் கேட்டால், 'விற்ற பொருள் திரும்பப் பெறப்படாது' என்று பில்லில் அச்சடித்திருப்பதைக் காட்டுகிறார்கள்.
– வாசகர், வாலாஜாபேட்டை

பதில்: தாமதம் என்ற அளவில் உங்களுக்குப் பெரிய நஷ்டமில்லை, ஸ்டிக்குகள் பெரும்பாலும் 60 ஹெர்ட்ஸ்தான் அனுப்புகின்றன. அதற்காக ஏமாற்றியதை விட்டுவிட வேண்டியதில்லை. மோஷன் எண் என்பது நான் மேலே சொன்ன, டிவி தானாக வரைந்து சொருகும் ஃப்ரேம்களின் கணக்கு. அதாவது உங்களுக்கு வேகம் என்று விற்றது, தாமதத்தைக் கூட்டுகிற அமைப்பை.

நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம், 2019 பொய்யான விவரணையை நேர்மையற்ற வணிக நடைமுறை என்கிறது. குறையுள்ள பொருளை பில்லில் குறித்த காலத்துக்குள், காலம் குறிக்கப்படாவிட்டால் 30 நாளுக்குள், திரும்பப் பெற மறுப்பதும் அதே பட்டியலில் வருகிறது. பில்லின் அடியில் அச்சடித்த ஒரு வரி சட்டத்தைத் தாண்டி நிற்காது. பலகை இன்னும் இருந்தால் இன்றே போய்ப் படம் எடுங்கள். நீங்கள் சண்டை போட்டுவிட்டு வந்த பிறகு அது அங்கே இருக்காது. கையேட்டில் 60 என்று உள்ள பக்கத்தையும் படமெடுத்து, கடைக்குப் பதிவுத் தபாலில் ஒரு கடிதம் அனுப்புங்கள். கூடவே தேசிய நுகர்வோர் உதவி எண் 1915இல் புகார் பதியுங்கள். பல கடைகள் இந்தக் கட்டத்திலேயே இறங்கிவந்துவிடும். வராவிட்டால் மாவட்ட நுகர்வோர் ஆணையம். பொருளின் விலை 5 லட்சம் ரூபாய் வரை இருந்தால் கட்டணம் இல்லை, வழக்கறிஞரும் கட்டாயமில்லை. நீங்கள் குடியிருக்கும் இடத்துக்குரிய ஆணையத்திலேயே மனு கொடுக்கலாம். காலக்கெடு இரண்டு ஆண்டு என்றாலும் 30 நாள் கடக்கும் முன் அந்தக் கடிதம் போய்விட வேண்டும். அதுவரை டிவியின் அட்டைப்பெட்டியைப் பழைய பேப்பர்காரருக்குப் போட்டுவிடாதீர்கள்.