‘மக்களே, சாப்பிட்டியா?’ – விளி பற்றிச் சில கேள்விகளும் பதில்களும்

தக்கலை வாசகர்: வீட்டில் ஒற்றைப் பேரனிடம் ‘மக்களே, சாப்பிட்டியா?’ என்கிறோம். பெயர் பன்மை, வினை ஒருமை. இது பிழைதானே?

பிழையே இல்லை. வினைமுற்று இயைய வேண்டியது எழுவாயோடு, கூப்பிடும் சொல்லான விளியோடு அல்ல. இங்கே எழுவாய் ‘நீ’, தோன்றா எழுவாயாக மறைந்திருக்கிறது. ‘மக்களே’யை எடுத்துவிட்டுச் சொல்லிப் பாருங்கள், ‘சாப்பிட்டியா?’ குறைவில்லாமல் நிற்கும். ‘மக்களே, மாமா வந்தாச்சு’ என்பதிலோ எழுவாய் மாமா; விளி யாரைக் கூப்பிடுகிறோம் என்று காட்டுவதோடு சரி. ‘மக்கள் சாப்பிட்டான்’ என்றால்தான் பிழை. அங்கே ‘மக்கள்’ எழுவாயாகிவிடுகிறது.

குளச்சல்: ‘மகனே வந்தான்’, ‘மகனே, வா’ – இரண்டு ‘ஏ’யும் ஒன்றா?

வேறுவேறு. முதலாவது தேற்ற ஏகாரம். வேறு யாருமில்லை, மகன்தான் வந்தான் என்று உறுதிப்படுத்துகிறது. அதை எடுத்தால் ‘மகன் வந்தான்’ என்று சரியாகவே நிற்கும். இரண்டாவது விளி. அதில் ‘ஏ’யை எடுத்தால் ‘மகன் வா’ என்று முடமாகிவிடும். தேர்வில் குழம்பினால் இப்படிச் சோதியுங்கள்.

மார்த்தாண்டம், பன்னிரண்டாம் வகுப்பு மாணவி: எட்டாம் வேற்றுமையான விளிக்கு உருபு இல்லை என்கிறார்கள். பிறகு எப்படி அடையாளம் காண்பது?

பெயரின் கடைசிப் பகுதியைப் பாருங்கள். ‘மகள் – மகளே’: ஏகாரம் மிகுந்தது. ‘தம்பி – தம்பீ’, ‘அன்னை – அன்னாய்’: ஈறு, அதாவது கடைசி எழுத்து, திரிந்தது. ‘ஊரன் – ஊர’: ஈறு கெட்டது. ‘மக்கள் – மக்காள்’: ஈற்றுக்கு முந்தைய எழுத்து நீண்டது. நம்மூர் ‘மக்கா’விலும் இந்த நீட்சி கேட்கிறதல்லவா? ‘கண்ணன் – கண்ணா’வில் இரண்டும் சேர்ந்து வருகின்றன; ன் கெட்டு, அயல் நீள்கிறது. பக்கத்தில் இருப்பவரிடம் ‘தம்பி, வா’ என்று எதுவும் மாறாமலும் வரும்; அது இயல்பு விளி. கரையில் நின்று வள்ளத்தில் இருப்பவரைக் கூப்பிடும்போது ‘தம்பீஇஇ’ என்று அளபெடுக்கும். தொல்காப்பியம் இந்த அண்மை, சேய்மை வேறுபாட்டையும் கவனித்திருக்கிறது; சொல்லதிகாரத்தின் நான்காம் இயலான விளிமரபு முழுக்க விளிக்கே. ‘சாரே’, ‘டீச்சரே’ என்று மேற்குப் பக்கம் சொல்வதும் ஏகாரம் மிகுந்த விளிதான்.

நாகர்கோவில், அழைப்பிதழ் அச்சிடுபவர்: கால்புள்ளி எங்கே? ஒற்று மிகுமா?

விளி முதலில் வந்தால் அதன் பின்னும், கடைசியில் வந்தால் அதன் முன்னும், நடுவில் வந்தால் இரு பக்கமும் கால்புள்ளி இடுங்கள். ‘செல்வி அக்கா வந்தாச்சு’ என்றால் வந்தவர் செல்வி. ‘செல்வி, அக்கா வந்தாச்சு’ என்றால் கேட்பவர் செல்வி. வாக்கிய நடுவே வியப்புக்குறி போடும் பழக்கம் வேண்டாம், தொடர் அறுந்துபோகும். ‘வாடா’, ‘என்னலே’ போன்றவற்றைச் சேர்த்தே எழுதுங்கள், கால்புள்ளி வேண்டாம்.

விளிக்குப் பின் வல்லினம் மிகாது. ‘தம்பி, போ’, ‘கண்ணா, கேள்’ என்பவையே சரி. ‘தம்பிப் போ’ தவறு. ‘அன்புள்ள அண்ணா,’ விளி. ‘அன்புள்ள அண்ணனுக்கு’ நான்காம் வேற்றுமை. கடிதத்தில் இரண்டுமே சரி.

குழித்துறை: ‘அவனே’ என்று ஒருவரை விளிக்கலாமா?

முடியாது. அவன், இவள், எவர், தான், தாம் முதலியவை விளி ஏற்காதவை என்று நன்னூல் விலக்குகிறது. ‘அவனே’ என்று கேட்டால் அங்கே இருப்பது தேற்றம்.