ஏடாஸ் (ரேடார், கேமரா வச்சு டிரைவருக்கு உதவுற சிஸ்டம்) போர்டுல பவர் பக்கம்: கேளுங்க, சொல்றேன்

கேள்வி: அண்ணா, பேட்டரி 12 வோல்ட்தானே, அத ரேடாருக்கும் கேமராவுக்கும் நேரா குடுத்தா என்ன? நடுவுல எதுக்கு இத்தன ஐசி?

பதில்: 12ங்கறது பேருக்குத்தான் தம்பி. வண்டி ஓடுறப்போ 14 கிட்ட நிக்கும், குளிர்ல செல்ஃப் அடிச்சா 6க்கும் கீழ எறங்கிடும், ஆல்டர்னேட்டர் சார்ஜ் ஏத்திட்டு இருக்கும்போது பேட்டரி டெர்மினல் கழண்டுச்சுன்னா, லோட் டம்ப்னு சொல்லுவோம், அடக்கி வச்ச சிஸ்டம்லயே 35 வரைக்கும் எகிறும். ஆனா ப்ராசஸர் கோர் கேக்குறது 1 வோல்ட் பக்கம், அதுவும் ஆடாம அசையாம. அதான் வாசல்ல திடீர்னு எகிறுற வோல்ட்ட அடக்குற டிவிஎஸ் டயோடு, அடுத்து ப்ளஸ் மைனஸ் வயர் மாத்திக் குடுத்தாலும் காப்பாத்த ஒரு மாஸ்ஃபெட் (எலக்ட்ரானிக் ஸ்விட்ச்), அப்புறம் வோல்ட்ட எறக்கிக் குடுக்குற பக் கன்வர்ட்டர்.

கேள்வி: ஸ்டார்ட்-ஸ்டாப் வண்டில சிக்னல்ல எஞ்சின் திரும்ப ஸ்டார்ட் ஆகுறப்போ 360 கேமரா ரெண்டு செகண்ட் கருப்பாகுது சார், கேமரா போச்சா?

பதில்: கேமராவ உடனே மாத்திடாதீங்க. இதே கம்ப்ளைண்ட்ல ஒரு போர்ட நான் ஸ்கோப்ல (வோல்ட் ஏறி எறங்குறத கோடா காட்டுற மெஷின்) பாத்தேன். கேமராவுல இருந்து வீடியோ வர்ற கோஆக்ஸ் கேபிள்லயே 9 வோல்ட் பவரும் போகும், அந்த 9 ஒரு சாதா பக்ல இருந்து வந்துச்சு. பக்குக்கு எறக்கத்தான் தெரியும், ஏத்தத் தெரியாது. செல்ஃப் அடிச்சதும் பேட்டரி லைன் 6க்கு வந்துச்சு, 9 வோல்ட் லைனும் கூடவே சரிஞ்சுச்சு, கேமரா ரீசெட். பக்குக்கு முன்னாடி வோல்ட்ட ஏத்திக் குடுக்குற ஒரு பூஸ்ட் கன்வர்ட்டர் போட்டதும் ஸ்கோப்ல அந்த 9 வோல்ட் கோடு நூல் புடிச்ச மாதிரி நின்னுச்சு. உங்க வண்டில மொதல்ல பேட்டரி ஹெல்த்த டெஸ்ட் பண்ணுங்க, வீக்கா இருந்தாலும் இதேதான் நடக்கும்.

கேள்வி: பக் கன்வர்ட்டர் கரண்ட்ட வேகமா ஆன்-ஆஃப் பண்ணித்தானே வோல்ட்ட எறக்குது, அத எல்லாருமே 2.2 மெகாஹெர்ட்ஸ்ல ஸ்விட்ச் பண்றாங்களே, ஏன்?

பதில்: ஏஎம் ரேடியோவுக்காக. அது 1.7 மெகாஹெர்ட்ஸோட முடியுது, அதுக்கு மேல போய்ட்டா ரேடியோல இரைச்சல் இல்ல. 400 கிலோஹெர்ட்ஸ்ல ஓட்டுனா அதோட மடங்குகள் 800, 1200, 1600னு எல்லாம் ஏஎம் பேண்டுக்குள்ளயே வந்து விழும். வேகம் கூடுனா கன்வர்ட்டர்ல இருக்குற காயிலும் சின்னதாகும், சூடுதான் கொஞ்சம் கூடும்.

கேள்வி: ப்ரோ, ரேடார் போர்டுல செராமிக் கபாசிட்டர் ஷார்ட். கைல 10 மைக்ரோஃபாரட் 16 வோல்ட் இருக்கு, போடலாமா?

பதில்: தயவுசெஞ்சு வேணாம் ப்ரோ. லோட் டம்ப்ல 35 வந்தா 16 வோல்ட் பீஸ் என்னாகும்? அதுவும் இல்லாம செராமிக்ல டிசி வோல்ட் ஏற ஏற மைக்ரோஃபாரட் மதிப்பு கொறையும், 12 வோல்ட் நிக்கும்போது 10ல பாதி கூட தேறாம போகலாம். பெரும்பாலும் போர்டு வளைஞ்சுதான் இது ஷார்ட் ஆகும், முனைல முடி மாதிரி ஒரு விரிசல், மைக்ரோஸ்கோப்ல கூட வெளிய தெரியாது. அதனாலதான் வண்டிக்குப் போடுறதுல ஏஇசி-க்யூ200ங்கற வண்டி பாகங்களுக்கான டெஸ்ட்ல தேறுன, முனை நெளிஞ்சு குடுக்குற டைப்பா பாத்துப் போடுறாங்க. ரேடார் 77 கிகாஹெர்ட்ஸ்ல வேல செய்யுது, சப்ளைல ரிப்பிள் (வோல்ட்ல வர்ற சின்ன ஆட்டம்) இருந்தா இல்லாத வண்டி எதுர்ல இருக்குற மாதிரி காட்டலாம், ஹைவேல தானா ப்ரேக் புடிச்சா பின்னாடி வர்றவன் கதி என்ன? ரேடார் யூனிட்டையே மாத்தி கேலிப்ரேஷன் (பார்வைய சரியா செட் பண்றது) பண்ணிடுங்க.