பாடநூல் ஃபின்னிஷ் படித்தும் ஹெல்சிங்கியில் பேசுவது ஏன் புரிவதில்லை?

வகுப்பில் கற்றுத்தருவது கிர்யகியெலி, அதாவது எழுத்து வழக்கு. கடையிலும் டிராமிலும் கேட்பது புஹெகியெலி, பேச்சு வழக்கு. செந்தமிழ் மட்டும் படித்தவர் மதுரைச் சந்தைக்குள் நுழைந்த கதைதான்.

முதலில் சொற்கள் சுருங்கும். 'நான் இருக்கிறேன்' என்பதற்கு நூலில் 'மினா ஒலென்'. தெருவில் 'மா ஓன்'. எண்களும் வால் இழக்கும்: 'கக்ஸி' வெறும் 'கக்ஸ்', 'வீசி' வெறும் 'வீஸ்'. இது சீக்கிரம் பழகிவிடும்.

உண்மையில் தடுமாற வைப்பது இலக்கணம். 'நாங்கள் போகிறோம்' என்பதற்கு 'மே மெனெம்மே' என்று யாரும் பேசுவதில்லை. செயப்பாட்டு வடிவத்தை எடுத்து 'மே மென்னான்' என்பார்கள். 'அவர்' எனப் பொருள்படும் 'ஹான்' போய், 'அது' எனும் 'செ' வந்துவிடும். ஆளை 'அது' என்பது நம் காதுக்கு உறுத்தும். அங்கே அதில் துளியும் அவமரியாதை இல்லை. போதாக்குறைக்கு, 'நான்' எனும் ஹெல்சிங்கியின் 'மா', தாம்பெரே நகரில் 'மாஅ', லாப்பேன்ரந்தா நகரில் 'மியெ'.

ஃபின்லாந்தின் பொது ஒளிபரப்பு நிறுவனமான யூலேயின் எளிய ஃபின்னிஷ் செய்திகள் நல்லவை, ஆனால் அவையும் எழுத்து வழக்கே. பேச்சுக்கு, அதன் இணையக் காணொளித் தளமான யூலே அரேனாவில் ஃபின்னிஷ் தொடர்களை ஃபின்னிஷ் வசனவரியோடு பாருங்கள். திரையில் 'மினா ஒலென்' என்றிருக்க, காதில் 'மா ஓன்' விழும் இடங்களைக் குறித்துக்கொண்டு, உடனே வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். எழுத்து வழக்கை மட்டும் கைவிடாதீர்கள். விண்ணப்பமும் எழுத்துத் தேர்வும் அதில்தான்.