அந்த அம்மா சும்மா பாடவில்லை

கேள்வி: ஐயா, 'சின்னப் பெண்ணான போதிலே' என்ற பழைய பாட்டை என் அம்மா அடிக்கடி முணுமுணுப்பார். அது ஓர் ஆங்கிலப் பாட்டின் மெட்டு என்று என் மகன் அடித்துச் சொல்கிறான். யார் பக்கம் தீர்ப்பு?

மகன் பக்கம்தான், மன்னிக்கவும். அம்மாவின் பாட்டு இடம்பெற்ற, ஜி. ராமநாதன் இசையமைத்த 'ஆரவல்லி' படம் வந்தது 1957-ல். மூலப் பாட்டு அதற்கு முந்தைய வருடமே வந்துவிட்டது. ஆல்ஃபிரட் ஹிட்ச்காக் இயக்கிய 'தி மேன் ஹூ நியூ டூ மச்' படத்தில் டோரிஸ் டே பாடிய 'கே செரா செரா' அது. எழுதியவர்கள் ஜே லிவிங்ஸ்டன், ரே இவான்ஸ் என்ற இரட்டையர். இந்தப் பாட்டுக்கு ஆஸ்கார் கிடைத்தது. அவர்களுக்கு அது மூன்றாவது ஆஸ்கார்.

உங்கள் அம்மாவிடம் இதைப் பக்குவமாகச் சொல்லுங்கள். மெட்டு எங்கிருந்து வந்தால் என்ன, அவர் முணுமுணுப்பது அவர் பாட்டுதான்.

கேள்வி: 'கே செரா செரா' எந்த மொழி? ஸ்பானிஷ் படிக்கும் என் தோழி, "இப்படி ஒரு வாக்கியமே கிடையாது" என்கிறாள்.

தோழிக்கு முழு மதிப்பெண். ஸ்பானிஷ்காரர் 'லோ கே செரா, செரா' என்பார். இத்தாலியர் 'குவெல் கே சரா, சரா' என்பார். முன்னால் உள்ள அந்தச் சொல் இல்லாவிட்டால் பொருள் நொண்டும். தமிழில் 'நடப்பது நடக்கும்' என்று சொல்ல வேண்டிய இடத்தில் 'என்ன நடக்கும், நடக்கும்' என்று சொன்னால் எப்படி இருக்கும்? அப்படித்தான்.

இதில் எனக்குப் பிடித்த வேடிக்கை, இந்தப் பிழைக்கு வயது 400-க்கும் மேல் என்பது. அதைச் செய்தவர்களும் ஆங்கிலேயர்கள். பெட்ஃபோர்டு பிரபுக்களான ரஸ்ஸல் குடும்பத்தின் குலவாசகமே 'கே சரா சரா'தான். 16-ஆம் நூற்றாண்டில் மார்லோ எழுதிய 'டாக்டர் ஃபாஸ்டஸ்' நாடகத்திலும் அது வருகிறது. இத்தாலிய வேடம் போட்ட ஆங்கிலம் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

லிவிங்ஸ்டன் அதைப் பிடித்த இடம் ஒரு திரையரங்கு. 1954-ல் வந்த 'தி பேர்ஃபுட் கான்டெஸ்ஸா' படத்தில் ஓர் இத்தாலியப் பிரபுவின் பரம்பரை மாளிகைக் கல்லில் இந்த வாசகம் செதுக்கியிருக்கும். பார்த்தவுடன் குறித்துக்கொண்டார். உலகில் ஸ்பானிஷ் பேசுகிறவர்கள் அதிகம் என்று கணக்குப் போட்டு, 'சரா'வை 'செரா' ஆக்கினார். இலக்கணம் பார்க்கிறவர்களுக்கு வருத்தம்தான். ஆனால் சரியான ஸ்பானிஷில் பாடிப் பாருங்கள், மெட்டு இடிக்கும்.

கேள்வி: இவ்வளவு புகழ்பெற்ற பாட்டு டோரிஸ் டேக்கே பிடிக்காதாமே? எனக்கும் பிடிக்கவில்லை. எல்லாம் விதி என்று கையைக் கட்டிக்கொண்டு உட்காரச் சொல்கிற பாட்டுதானே?

முதல் பாதி உண்மை. இது குழந்தைப் பாட்டு, தன்னைப் போன்ற பாடகிக்குப் பொருந்தாது என்று அவர் தயங்கினார். அப்புறம் நடந்தது வேறு. எல்விஸ் பிரெஸ்லி புயலாக வந்த அதே 1956-ல், இந்த எளிய முக்கால் தாளப் பாட்டு அமெரிக்கப் பட்டியலில் 2-ஆம் இடம் வரை ஏறியது. பிரிட்டனில் ஆறு வாரம் முதலிடம்.

இரண்டாம் பாதிக்குப் படம் பார்க்க வேண்டும். நானும் படம் பார்க்கும்வரை இதைத் தாலாட்டு என்றுதான் நினைத்திருந்தேன். கதையில் டோரிஸ் டே, மேடையை விட்டு விலகிய ஒரு பாடகி. கணவர் மருத்துவர், ஜேம்ஸ் ஸ்டூவர்ட். மராக்கேஷ் நகர விடுதி அறையில் மகனோடு சேர்ந்து இந்தப் பாட்டை லேசாகப் பாடுவார். அந்த மகனைக் கடத்திவிடுகிறார்கள். கடைசியில் லண்டனில் ஒரு தூதரகம். மாடியில் எங்கோ பையன் இருக்கிறான். கீழே கனவான்கள் கூடியிருக்க, இவரைப் பாடச் சொல்கிறார்கள். பியானோ முன் உட்கார்ந்து அதே பாட்டை எடுக்கிறார், அந்தச் சபைக்குத் தேவையில்லாத சத்தத்தில். விருந்தினர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்கிறார்கள். குரல் படியேறிப் போகிறது. மாடியிலிருந்து பையன் சீட்டியடிக்கிறான். அந்தச் சீட்டியைப் பிடித்துக்கொண்டு அப்பா மேலே போகிறார்.

ஆக, 'நடப்பது நடக்கும்' என்று பாடிக்கொண்டே நடக்க வேண்டியதை நடத்திக் காட்டுகிறாள் அந்தத் தாய். விதிக்கு விட்டவள் இவ்வளவு உரக்கப் பாடுவாளா? தனிப் பாட்டாகக் கேட்டால் இது வெறும் இனிப்பு. அந்தத் தூதரகத்தில் கேட்டால் வயிற்றைப் பிசையும்.

சொந்த வாழ்க்கையிலும் இந்தப் பாட்டு அவரை விடவில்லை. 1968-ல் கணவர் மார்ட்டின் மெல்ச்சர் இறந்த பிறகுதான், சம்பாதித்த பணமெல்லாம் கரைந்துபோனது டோரிஸ் டேக்குத் தெரிந்தது. தன்னைக் கேட்காமலே ஒரு தொலைக்காட்சித் தொடருக்கு ஒப்பந்தம் ஆகியிருந்ததும் அப்போதுதான் தெரிந்தது. ஐந்து வருடம் நடித்து முடித்தார். ஒவ்வொரு வாரமும் தொடரின் தொடக்கத்தில் ஒலித்தது இந்தப் பாட்டேதான். போன பணத்தையும் விதியே என்று விடவில்லை, வழக்கு போட்டு ஜெயித்தார்.

கேள்வி: கால்பந்து மைதானத்தில் இந்தப் பாட்டைக் கேட்டேன். அது எப்படி அங்கே?

இங்கிலாந்தில் கோப்பைப் போட்டிகளின் இறுதி ஆட்டம் லண்டனில் உள்ள வெம்ப்ளி மைதானத்தில் நடக்கும். தங்கள் அணி ஜெயித்துக்கொண்டே போனால் ரசிகர்கள் இதைப் பாடுவார்கள். ஆனால் 'எதிர்காலம் நம் கண்ணுக்குத் தெரியாது' என்று மூலப் பாட்டு சொல்கிற இடத்தில், அவர்கள் 'நாங்கள் வெம்ப்ளிக்குப் போகிறோம்' என்று போட்டுவிடுவார்கள்.