விக்டோரியா காலத்து இங்கிலாந்தில் சாதாரண நடுத்தரக் குடும்பப் பெண்களுக்கு பாரீஸ் பேஷன் எப்படித் தெரிந்தது?

பத்திரிகை வழியாகத்தான். அதிலும் பீட்டன் தம்பதியைச் சொல்லாமல் இந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல முடியாது.

சாமுவேல் பீட்டன் 1852-ல் 'இங்கிலீஷ்வுமன்ஸ் டொமஸ்டிக் மேகசின்' என்ற மாத இதழை வெறும் இரண்டு பென்ஸ் விலையில் ஆரம்பித்தார். பேஷன் இதழ்கள் அதற்கு முன்பும் உண்டு, ஆனால் அவை வசதியானவர்களுக்குத்தான் கட்டுப்படியாகும். 1856-ல் அவரைக் கல்யாணம் செய்துகொண்ட இசபெல்லா சீக்கிரமே இதழில் எழுதத் தொடங்கி, பிறகு ஆசிரியர் பொறுப்பையும் பகிர்ந்துகொண்டார்.

முக்கியமான திருப்பம் 1860-ல் நடந்தது. இருவரும் பாரீஸ் போய், பேஷன் பதிப்பாளர் அடோல்ப் கூபோவுடன் பேசி ஏற்பாடு செய்துகொண்டார்கள். அப்புறம் இதழில் வண்ணம் தீட்டிய பாரீஸ் உடைப் படங்களும், துணியை வெட்டித் தைப்பதற்கான காகித மாதிரிகளும் வர ஆரம்பித்தன, விலையும் ஆறு பென்ஸ் ஆனது. என்னைக் கேட்டால் படத்தைவிட அந்தக் காகித மாதிரிதான் பெரிய விஷயம், ஏனென்றால் அன்றைக்குப் பெண்களின் கவுன் பெரும்பாலும் தையல்காரியிடம் கொடுத்தோ வீட்டிலோ தைக்கப்பட்டதுதான், மாதிரி கையில் இருந்தால் ஊர்ப்புறத்துப் பெண்கூட புது மோஸ்தரில் உடுத்தலாம்.

1861-ல் வெளியான இசபெல்லாவின் குடும்ப நிர்வாக நூல் முதல் வருடத்திலேயே சுமார் 60,000 பிரதிகள் விற்றது. ஆனால் நாலாவது பிரசவத்துக்குப் பின் வந்த காய்ச்சலில் 1865 பிப்ரவரியில் இறந்துபோனார். வயது 28 தான். அடுத்த வருடம் ஏற்பட்ட நிதி நெருக்கடியில் சாமுவேல் தன் வெளியீடுகளை வார்ட் லாக் நிறுவனத்துக்கு விற்க வேண்டிவந்தது, அவர்கள் 'மிசஸ் பீட்டன்' என்ற பெயரைப் பல பத்தாண்டுகளுக்கு விற்பனையில் வைத்திருந்தார்கள்.